அறிவிப்பாளர் சிரிக்கக் கூடாது

சோவியத் காலத்து நகைச்சுவைத் துணுக்குகளைப் பற்றி யார் எழுதினாலும், கட்டுரை முடிவதற்குள் ஒரு கருத்து எப்படியாவது உள்ளே நுழைந்துவிடுகிறது: மக்கள் சிரித்துச் சிரித்தே ஒரு வல்லரசைக் கவிழ்த்துவிட்டார்கள். இது எனக்கு வெகுநாளாக உறுத்திக்கொண்டே இருக்கிறது. கேட்பதற்கு இதமாக இருப்பதாலேயே சந்தேகம் வருகிறது. சிரிப்புக்கு ஆட்சியைக் கவிழ்க்கும் சக்தி உண்டென்றால், நம் டீக்கடை பெஞ்சுகள் இதுவரை எத்தனை ஆட்சிகளைக் கவிழ்த்திருக்க வேண்டும்! அதிலும் யெரெவான் வானொலித் துணுக்குகளைக் கொண்டுபோய் இந்தக் கணக்கில் சேர்ப்பது எனக்கு ஒப்பவே இல்லை. அவற்றைச் சற்றுப் பொறுமையாகப் படித்தால், எதிர்ப்பைக் காட்டிலும் வேறொன்று தூக்கலாக இருப்பது தெரியும். அது என்ன என்று எனக்கே பிடிபடச் சில காலம் ஆனது.

யெரெவான், அன்று சோவியத் ஒன்றியத்தின் குடியரசுகளில் ஒன்றாக இருந்த ஆர்மீனியாவின் தலைநகரம். அங்கே 1926இல் தொடங்கப்பட்ட வானொலி இன்றும் ஒலிபரப்பிக்கொண்டிருக்கிறது. துணுக்குகளில் வருவது அந்த நிலையம் அல்ல. 1960களில் சோவியத் மக்கள் வாய்வழியாகவே கட்டி எழுப்பி, வாய்வழியாகவே நடத்திய நிலையம் அது. ரஷ்யர்கள் ‘ஆர்மீனிய வானொலி’ என்றார்கள். கிழக்கு ஜெர்மனியிலும் போலந்திலும் ‘யெரெவான் வானொலி’ என்ற பெயர் நிலைத்தது. நேயர் ஒருவர் கேள்வி கேட்கிறார், வானொலி பதில் சொல்கிறது. வடிவம் அவ்வளவுதான். பதில் பெரும்பாலும் ‘கொள்கையளவில் ஆம், ஆனால்’ என்று ஆரம்பிக்கும். ஜெர்மன்காரர்கள் இந்தத் தொடரைத் தங்கள் அன்றாடப் பேச்சிலேயே சேர்த்துக்கொண்டுவிட்டார்கள்.

முதலாளித்துவத்துக்கும் சோஷலிசத்துக்கும் என்ன வேறுபாடு? முதலாளித்துவத்தில் மனிதனை மனிதன் சுரண்டுகிறான். சோஷலிசத்தில் அப்படியே நேர்மாறு. சுவிட்சர்லாந்தில் சோஷலிசத்தைக் கொண்டுவர முடியுமா? கொள்கையளவில் முடியும், ஆனால் அந்த நாடு உங்களுக்கு என்ன கெடுதல் செய்தது? சகாரா பாலைவனத்தில் கொண்டுவந்தால் என்ன ஆகும்? முதலில் ஒன்றும் ஆகாது, பிறகு மணலுக்குத் தட்டுப்பாடு வரும். மூன்றாம் உலகப் போர் வருமா? வராது, ஆனால் சமாதானத்துக்காக நடக்கப்போகும் போராட்டத்தில் கல்லின் மேல் கல் நிற்காது. கடையில் ஏன் இறைச்சி இல்லை? நாம் கம்யூனிசத்தை நோக்கிப் பாய்ந்து செல்லும் வேகத்துக்கு மாடுகளால் ஈடுகொடுக்க முடியவில்லை.

இவற்றைத் தமிழில் ஆளாளுக்குச் சொல்கிறார்கள். சோவியத் நூல்களை மலிவு விலையில் வாங்கி வளர்ந்த தலைமுறைக்கு மாஸ்கோ வானொலியின் தமிழ் ஒலிபரப்பும் பழக்கம்தான். கட்சிக்காரர்களும் சொல்லிச் சிரிப்பார்கள், கட்சியை விட்டு விலகியவர்கள் இன்னும் உரக்கச் சிரிப்பார்கள்.

மண்டபத்தின் பின்வரிசையில்

ஒரு கல்யாண வரவேற்பில் சாப்பிட்டு முடித்து, நாங்கள் சிலர் மண்டபத்தின் பின்வரிசை நாற்காலிகளில் உட்கார்ந்திருந்தோம். நண்பர் ஒருவர் புகழ்பெற்ற அந்த கார் துணுக்கை எடுத்துவிட்டார். நல்ல பேச்சாளர், கையை ஆட்டி, கண்ணை உருட்டி, முடிக்கும்போது தானே முந்திச் சிரித்தார். எல்லோரும் சிரித்தோம். எங்களோடு, நாங்கள் அண்ணன் என்று அழைக்கும் பெரியவர் ஒருவரும் இருந்தார். எண்பதுகளின் தொடக்கத்தில் மாஸ்கோவில் பொறியியல் படித்தவர். அவர் சிரிக்கவில்லை. “துணுக்கு சரிதான் தம்பி. ஆனால் நீ அறிவிப்பாளரைப் புத்திசாலி ஆக்கிவிட்டாய். அவன் அப்படிப்பட்ட ஆள் இல்லை” என்றார். “நீங்கள்தான் சொல்லுங்களேன் அண்ணா” என்றோம்.

காபி டம்ளரை நாற்காலிக்கு அடியில் வைத்தார். முதுகை நிமிர்த்தினார். கையில் ஒரு தாள் இருப்பதுபோல விரல்களைச் சேர்த்துக்கொண்டார். குரல் மாறியது. ஆகாசவாணியில் மாநிலச் செய்திகள் வாசிப்பவருடைய குரலைப் போல, அவசரமே இல்லாத, எவர் மேலும் வருத்தமில்லாத குரல். “நேயர் கேட்கிறார்: மாஸ்கோவில் நடந்த அனைத்து ஒன்றியச் சாம்பியன் போட்டியில் கிரிகோரி கிரிகோரியெவிச் கிரிகோரியெவ் ஒரு காரைப் பரிசாக வென்றார் என்பது உண்மையா? யெரெவான் வானொலியின் பதில்: கொள்கையளவில் உண்மை.” இங்கே நிறுத்தி, இல்லாத தாளைத் திருப்பினார். “ஆனால் முதலாவதாக, அவர் கிரிகோரி கிரிகோரியெவிச் கிரிகோரியெவ் அல்ல, வசீலி வசீலியெவிச் வசீலியெவ். இரண்டாவதாக, அது மாஸ்கோ சாம்பியன் போட்டி அல்ல, ஸ்மோலென்ஸ்க் கூட்டுப்பண்ணை விளையாட்டு விழா. மூன்றாவதாக, அது கார் அல்ல, சைக்கிள். நான்காவதாக, அவர் அதை வெல்லவில்லை. அவரிடமிருந்து அது திருடப்பட்டது.” தாளை மடித்து வைத்தார். “அடுத்த கேள்வி.”

இந்த முறை வந்த சிரிப்பின் தினுசே வேறு. முன்பு துணுக்கு சொன்ன நண்பரின் சாமர்த்தியத்துக்குச் சிரித்தோம். இப்போது அந்த அறிவிப்பாளனைப் பார்த்துச் சிரித்தோம்; பாவம் என்றும் இருந்தது. எங்களில் ஒருவர் அரசு அலுவலகத்தில் முப்பது ஆண்டு குப்பை கொட்டிவிட்டு ஓய்வு பெற்றவர். அவர் சிரித்து முடித்துவிட்டு, “நான் எழுதிய பதில் கடிதங்கள் எல்லாம் இப்படித்தான் இருக்கும்” என்றார். எனக்குள் உறுத்திக்கொண்டிருந்தது அந்த இடத்தில்தான் பிடிபட்டது.

அறிவிப்பாளன் கிண்டல் செய்வதில்லை. அவன் வேலை பார்க்கிறான். கேள்வி வந்துவிட்டது, பதில் சொல்லியாக வேண்டும். ‘இல்லை’ என்று சொல்ல அவனுக்கு அதிகாரம் கிடையாது. அப்பட்டமாகப் பொய் சொல்லவும் மனம் வரவில்லை, ஏனென்றால் அவன் ஒழுங்கான ஊழியன். விவரங்களைச் சரிபார்க்கிற பழக்கம் உள்ளவன். ஆகவே ‘ஆம்’ என்று தொடங்கி, ஒவ்வொரு விவரமாகத் திருத்திக்கொண்டே போய், கடைசியில் உண்மைக்கு மிக அருகில் வந்து நின்றுவிடுகிறான். அங்கே வந்துவிட்டோம் என்று அவனுக்குத் தெரியாது. தெரிந்தால் துணுக்கு செத்துவிடும். மாயாகோவ்ஸ்கி துணுக்கிலும் இதே ஆள்தான் வருகிறான். கவிஞர் மாயாகோவ்ஸ்கி 1930இல் தற்கொலை செய்துகொண்டார் என்பது உண்மையா என்று நேயர் கேட்கிறார். உண்மைதான் என்கிறான் அறிவிப்பாளன், நேயருக்கு முழுத் திருப்தி ஏற்படட்டும் என்று, கேட்காத சான்று ஒன்றையும் சேர்த்துத் தருகிறான்: “அவருடைய கடைசி வார்த்தைகள்கூடப் பதிவாகியிருக்கின்றன: ‘தோழர்களே, சுடாதீர்கள்!’” எதிரி இப்படிப் பேச மாட்டான். நம்பிக்கைக்குரிய ஊழியனால்தான் இவ்வளவு துல்லியமாக உளற முடியும்.

ஒரே குமிழ் உள்ள பெட்டி

அன்று இரவு அண்ணன் இன்னும் கொஞ்சம் பேசினார். அவருடைய விடுதிச் சமையலறைச் சுவரில் ஒரு பெட்டி இருந்ததாம். அங்கே அதை ‘ரேடியோதோச்கா’ என்பார்கள். அலைவாங்கி எதுவும் கிடையாது. தொலைபேசி போலக் கம்பிவழி வரும் ஒலிபரப்பு. குடியிருப்புகளில் எல்லாம் அதற்கென்றே சுவரில் ஒரு பொருத்து இருக்கும். பிந்தைய மாதிரிகளில் மூன்று நிகழ்ச்சி வரிசைகள் வந்தன. பழைய பெட்டியில் ஒரே குமிழ்தான். ஒலியைக் கூட்டலாம், குறைக்கலாம். வேறு நிலையத்துக்குப் போக முள்ளும் இல்லை, அலைவரிசைக் கோடும் இல்லை. காலை 6 மணிக்குத் தேசிய கீதம் பாடும். பலர் அதை அணைப்பதே இல்லை. முட்டை வேகும்போதும் அது பேசிக்கொண்டிருக்கும், கூட்டுப்பண்ணையில் எத்தனை டன் கோதுமை அறுவடையானது என்று சொல்லிக்கொண்டிருக்கும். சிற்றலைப் பெட்டி வைத்திருந்தவர்கள் இரவில் பிபிசியையும் ‘வாய்ஸ் ஆஃப் அமெரிக்கா’வையும் தேடுவார்கள். அவற்றின் மேல் அரசு இரைச்சலைப் பாய்ச்சும். வெளிநாட்டு ஒலிபரப்புகள் எல்லாவற்றுக்குமான இந்த இடையூறு முழுவதுமாக நின்றது 1988இன் இறுதியில்தான்.

சோவியத் பத்திரிகைகளுக்கும் வானொலிக்கும் நேயர் கடிதங்கள் மலைமலையாக வந்தன என்பதையும் மறந்துவிடக் கூடாது. அவற்றுக்குப் பதில் எழுதவே தனிப் பிரிவுகள் இருந்தன. மாஸ்கோ வானொலி வெளிநாட்டு நேயர்களுக்காக ஆங்கிலத்தில் ‘மாஸ்கோ மெயில்பேக்’ என்ற கேள்வி பதில் நிகழ்ச்சியைப் பத்தாண்டுக் கணக்கில் நடத்தியது. ஜோ ஆதமோவ் என்பவர் அதில் பதில் சொல்வார். ஆக, யெரெவான் வானொலியின் வடிவம் வானத்திலிருந்து விழவில்லை. காதில் தினமும் விழுந்த வடிவம் அது. மக்கள் செய்த ஒரே மாற்றம், கேட்கவே கூடாத கேள்வியை அந்தக் குரலிடம் கேட்டதுதான்.

அதைச் சொல்லிச் சிரிக்க இடமும் வேண்டியிருந்தது. ஸ்டாலின் காலத்தில் ஒரு துணுக்குக்கு முகாம் தண்டனை கிடைக்கலாம். 1931 முதல் 1933 வரை கைதிகளை வைத்து வெட்டிய, 227 கிலோமீட்டர் நீளமுள்ள வெண்கடல் கால்வாயைப் பற்றி ஒரு துணுக்கு உண்டு: அதைக் கட்டியது யார்? வலக்கரையைத் துணுக்கு சொன்னவர்கள் கட்டினார்கள், இடக்கரையைக் கேட்டவர்கள் கட்டினார்கள். பல குடும்பங்கள் ஒரே சமையலறையைப் பங்கிட்டுக்கொண்ட கூட்டுக் குடியிருப்பில், பக்கத்து அடுப்பில் நிற்பவர் யாரென்று பார்த்துத்தான் வாயைத் திறக்க வேண்டும். ஸ்டாலினுக்குப் பின் வந்த குருஷேவ் ஆட்சியில் ஐம்பதுகளின் இறுதியிலிருந்து ஐந்து மாடிக் கான்கிரீட் குடியிருப்புகள் வரிசையாக எழுந்தன. தனித் தனி வீடு. ஆறு சதுர மீட்டர்கூடத் தேறாத சமையலறை. ஆனாலும் அதற்குச் சொந்தமாக ஒரு கதவு இருந்தது. அறுபதுகளில் யெரெவான் வானொலி செழித்ததற்கு அரசியல் இளக்கத்தோடு இந்தக் கதவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன். புரட்சி வரலாறுகளில் கதவுகளுக்கு உரிய இடம் கிடைப்பதில்லை.

அந்த மேசையைச் சுற்றி உட்கார்ந்து சிரித்தவர்கள் யார்? கடையில் வேலை செய்யும் பெண், காலையில் ‘இறைச்சி வரும், ஆனால் எப்போது என்று தெரியாது’ என்று வரிசையில் நின்றவர்களிடம் சொன்னவள். தொழிற்சாலை மேற்பார்வையாளர், திட்ட இலக்கு நிறைவேறியதாக அன்று மாலைதான் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்தவர். பள்ளி ஆசிரியர், 1961ஆம் ஆண்டுக் கட்சி மாநாடு அறிவித்தபடி 1980க்குள் கம்யூனிசத்தின் அடித்தளம் அமைந்துவிடும் என்று கரும்பலகையில் எழுதிப்போட்டவர். (1980இல் மாஸ்கோவுக்கு வந்தது ஒலிம்பிக். ‘கம்யூனிசத்துக்குப் பதிலாக ஒலிம்பிக்கை வைத்துக்கொள்ளுங்கள்’ என்று அதற்கும் ஒரு துணுக்கு வந்தது.) ஒவ்வொருவரும் பகல் முழுவதும் அந்த அறிவிப்பாளன்தான். இரவில் அவன் குரலைப் பாவனை செய்து சிரித்தபோது, கிரெம்ளினில் இருந்த யாரையோ நினைத்துச் சிரித்ததைவிடத் தங்கள் பகல்நேர முகத்தைப் பார்த்துச் சிரித்ததுதான் அதிகம். மறுநாள் எழுந்து அதே வேலைக்குப் போய் அதே பதிலைச் சொன்னார்கள். சிரிப்பு வல்லரசைக் கவிழ்த்தது என்ற வாதம் இங்கேதான் எனக்கு இடறுகிறது. இந்தச் சிரிப்பில் பாதி, வேலையில் தொடர்வதற்குத் தேவைப்பட்ட சிரிப்பு.

அமெரிக்கர்கள் இதை வேறு மாதிரி கேட்டார்கள். எண்பதுகளில் அதிபராக இருந்த ரொனால்ட் ரீகன் சோவியத் துணுக்குகளைச் சேகரித்து மேடைகளில் சொன்னவர். கார் வாங்கப் பணம் கட்டியவனிடம் பத்து வருடம் கழித்து வரச் சொல்கிறார்கள். ‘காலையிலா மாலையிலா’ என்று கேட்கிறான் அவன். பத்து வருடம் கழித்துத்தானே, எதுவானால் என்ன என்கிறார்கள். ‘குழாய் ரிப்பேர்காரர் காலையில் வருகிறார், அதனால் கேட்டேன்’ என்கிறான். ரீகன் சொல்லி உலகமே சிரித்த துணுக்கு இது. சி.ஐ.ஏ. துணை இயக்குநருக்காகத் தட்டச்சு செய்த சோவியத் துணுக்குப் பட்டியல் ஒன்றும் பின்னாளில் வெளியானது. உளவுத்துறைக் கோப்பில் வரிசையாக அடித்த ஜோக்குகளைப் படிப்பது போன்ற சோர்வான காரியம் வேறில்லை. அந்தத் தாளில், கேட்பவனும் சொல்பவனும் ஒரே வரிசையில் நின்றவர்கள் என்பது மட்டும் விட்டுப்போயிருக்கிறது. வெளியிலிருந்து சொல்லும்போது அது ஏளனம். வரிசையில் நின்றபடி முன்னால் இருப்பவரின் முதுகைப் பார்த்துச் சொல்லும்போது, அன்றைய வானிலை மாதிரி ஒரு தகவல்.

ஆர்மீனியா எதற்கு?

இந்தக் கேள்விக்கு ஒரு கதை சொல்வார்கள். உண்மையான யெரெவான் நிலையத்தில் ஓர் அறிவிப்பாளர் ‘முதலாளித்துவத்தில் மனிதனை மனிதன் சுரண்டுகிறான், நம்மிடம் நேர்மாறு’ என்று வாய்தவறிச் சொல்லிவிட்டார் என்பது கதை. நான் நம்பவில்லை, இவ்வளவு கச்சிதமாக யாருக்கும் வாய் தவறுவதில்லை. உண்மையான காரணத்தில் கொஞ்சம் அழுக்கும் இருக்கிறது. ரஷ்யர்கள் இந்தத் துணுக்குகளை ஆர்மீனிய உச்சரிப்போடுதான் சொல்வார்கள். பாதிச் சிரிப்பு அந்த உச்சரிப்புக்கே. தலைநகரத்துக்காரன் சொல்லத் துணியாததை எங்கோ தெற்கு மலையில் இருப்பவன் தலையில் கட்டிவிட்டால் இரண்டு வசதி: பழி அவனுக்குப் போகும், அசட்டுத்தனமும் அவனுடையதாகிவிடும். ஆர்மீனியர்கள் இதைப் பெரிதாக எடுத்துக்கொண்டதாகத் தெரியவில்லை. நகைச்சுவையில் அவர்களுக்கு வறுமை கிடையாது. கியூம்ரி என்ற நகரமே நக்கலுக்குப் பேர்போன ஊர், நம் கோயம்புத்தூர்க்காரர்களைச் சொல்வதுபோல. 1988 டிசம்பர் நிலநடுக்கத்தில் அந்த நகரம் பெரும்பகுதி இடிந்து விழுந்தது. ஊரின் நக்கல் பெயர் மட்டும் அப்படியே நிற்கிறது.

கற்பனை வானொலி பெற்ற புகழில் நிஜ வானொலியின் சாதனை மறைந்துபோனதுதான் எனக்கு ஆதங்கம். 1955இலிருந்து யெரெவான் வானொலி குர்து மொழியில் நிகழ்ச்சிகளை ஒலிபரப்பியது. தொடக்கத்தில் வாரத்தில் சில நாள், சில நிமிடம்; பிறகு நேரம் கூடியது. எல்லைக்கு அப்பால் துருக்கியில் இருந்த குர்துகளுக்குத் தங்கள் நாட்டு வானொலியில் தங்கள் மொழியைக் கேட்க வழியில்லாத காலம். 1983இல் அங்கே அந்த மொழியின் பயன்பாட்டைத் தடுக்கத் தனிச் சட்டமே வந்தது, 1991 வரை நீடித்தது. ‘யெரெவான் பேசுகிறது’ என்று குர்து மொழியில் கேட்டதும், ஒரு பெட்டியைச் சுற்றிக் கிராமமே கூடும், கதவைச் சாத்திக்கொண்டு. டெங்பேஜ் எனப்படும் கதைப்பாடகர்களின் நூற்றுக்கணக்கான பாடல்கள் அந்த நிலையத்தின் ஒலிநாடாக்களில் பதிவாகித் தப்பின. சிறுவயதில், ஒட்டோமான் ஆட்சியில் நடந்த ஆர்மீனிய இனப்படுகொலையில் பெற்றோரை இழந்து, குர்துப் பாடகனாகவே வளர்ந்த ஆர்மீனியர் கராபேட் காச்சோவின் குரலும் அவற்றில் ஒன்று. மாஸ்கோவில் யெரெவான் வானொலி என்றதும் ஒருவர் சிரிக்கிறார், அதே பெயரைக் கேட்டதும் துருக்கியில் குர்துகள் நிறைந்த தியர்பக்கிர் நகரில் ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொள்கிறார். இரண்டுமே ஒரே நகரத்தின் பெயரில்.

நமக்கும் ஆர்மீனியர்களுக்கும் ஒட்டு உறவு இல்லாமல் இல்லை. உலகின் முதல் ஆர்மீனியப் பத்திரிகையான ‘அஸ்தரார்’ 1794இல் அச்சானது சென்னையில்தான். அரண்மனைக்காரத் தெரு என்று தமிழிலும் ஆர்மீனியன் தெரு என்று ஆங்கிலத்திலும் பெயர் பெற்ற சாலையில் அவர்கள் தேவாலயம் இன்னும் இருக்கிறது. கேள்வி பதில் பகுதிக்காகவே வார இதழ் வாங்கிய நாம், யெரெவான் வானொலியைக் கண்டதும் தோளில் கைபோட்டுக்கொள்வதில் வியப்பில்லை.

கடைசியாக ஒரு துணுக்கு. நேயர் கேட்கிறார்: சோவியத் ஒன்றியத்திலேயே அழகான நகரம் எது? யெரெவான் என்கிறது வானொலி. அந்த யெரெவானை அழிக்க எத்தனை அணுகுண்டு வேண்டும்? நீண்ட மௌனம். பிறகு பதில்: “பாகூவும் அழகான நகரம்தான்.” அறிவிப்பாளன் பயந்துபோகும் ஒரே துணுக்கு இது, அதனாலேயே எனக்குப் பிடித்தமானது. பாகூ, அண்டை நாடான அஜர்பைஜானின் தலைநகரம். அங்கே தலைமுறை தலைமுறையாக ஆர்மீனியர்கள் வாழ்ந்தார்கள். அறுபதுகளில் இது பக்கத்து வீட்டுக்காரனைச் சீண்டும் பேச்சு. 1988இல், அஜர்பைஜானுக்குள் ஆர்மீனியர்கள் பெரும்பான்மையாக வாழ்ந்த கராபாக் பகுதி யாருக்கு என்ற பிரச்சினை வெடித்தது. அஜர்பைஜான் நகரமான சும்கைத்தில் ஆர்மீனியர்கள் கொல்லப்பட்டார்கள், 1990 ஜனவரியில் பாகூவிலேயே தாக்குதல் நடந்தது, ஆர்மீனியாவிலிருந்து அஜர்பைஜானியர்கள் விரட்டப்பட்டார்கள். அதன் பிறகு போர்கள். 2023 செப்டம்பரில் கராபாக்கிலிருந்து ஒரு லட்சம் ஆர்மீனியர்கள் ஒரே வாரத்தில் வெளியேறினார்கள். வல்லரசு போனதும் துணுக்கும் போயிருக்க வேண்டும். போகவில்லை; ஆனால் சிரிப்பதற்கு முன் சுற்றிலும் யார் உட்கார்ந்திருக்கிறார்கள் என்று பார்க்க வேண்டிய துணுக்காகிவிட்டது.

அண்ணன் இதைச் சொல்லும்போது பாகூ என்று சொல்வதில்லை. அவருடன் விடுதியில் தங்கியிருந்தவர்களில் இரு நாட்டவரும் உண்டு, இன்றும் இரு பக்கமும் போனில் பேசுகிறார். ஆகவே நகரத்தை மாற்றிவிட்டார்: “திபிலீசியும் அழகான நகரம்தான்.” ஜார்ஜியாவின் தலைநகரம் திபிலீசி, அந்த வடிவமும் பழையதுதான், அவர் இட்டுக்கட்டியதல்ல. திபிலீசிக்காரர் யாராவது கூட இருந்தால் என்ன செய்வீர்கள் அண்ணா என்று கேட்டேன். “அவனையே சொல்லச் சொல்வேன் தம்பி” என்றார். “அவன் யெரெவான் இருக்கும் இடத்தில் திபிலீசியை வைத்து ஆரம்பிப்பான். குண்டு யெரெவானில் போய் விழும்.”